மலைவீட்டில் கருங்கல் அறுக்கிறவர்களுக்கு

நீலகிரியில் வீடு கட்டுவதற்காகச் சரிவை வெட்டிச் சமப்படுத்தும்போது செம்மண்ணுக்குள்ளிருந்து உருண்டைப் பாறைகள் ஒன்றன்பின் ஒன்றாக வெளிவருவது வழக்கம். சுற்றியிருந்த பாறையெல்லாம் காலப்போக்கில் மக்கி மண்ணாகிவிட, மக்காமல் நின்ற உட்கருக்கள்தாம் அவை. அவற்றை லாரி வைத்து அப்புறப்படுத்துவதைவிடப் படிக்கட்டுக்கும் தடுப்புச் சுவருக்கும் வாசல் திண்ணைக்கும் பயன்படுத்திக்கொள்வது நல்லது என்று வீட்டுக்காரர்கள் நினைப்பது இயல்பு. கல் நம்முடையது, நம் மண்ணிலேயே கிடைத்தது, மழைக்கும் பனிக்கும் அசையாது. கையடக்கமான மார்பிள் கட்டரும் வைர பிளேடும் இப்போது எந்த ஹார்டுவேர் கடையிலும் கிடைப்பதால், முன்பு கல் தச்சரை அழைத்துச் செய்த வேலையை இன்று பலர் தாங்களே செய்கிறார்கள். கோத்தகிரிப் பக்கம் நாங்கள் இருக்கும் தெருவில் ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த இயந்திரச் சத்தம் கேட்காமல் இருப்பதில்லை. அந்த வேலையை நானும் விரும்பிச் செய்கிறவன். ஆனால் அது நடக்கிற விதத்தைப் பல வீடுகளில் பார்க்கும்போது மனம் பதைக்கிறது. அதனால்தான் இதை விரிவாக எழுதுகிறேன்.

முதலில், நம் கையில் இருக்கும் கல் எப்படிப்பட்டது என்று தெரிந்துகொள்ள வேண்டும். நீலகிரி, பழனி மலைகளின் பெரும்பகுதி சார்னோக்கைட் என்னும் பாறையால் ஆனது. கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியான ஜாப் சார்னாக்குக்குக் கொல்கத்தாவில் உள்ள கல்லறைக் கல்லை வைத்துத் தாமஸ் ஹாலண்ட் என்னும் புவியியலாளர் இட்ட பெயர் அது. சென்னைக்கு அருகிலுள்ள பல்லாவரம் குன்றுகளும் இதே இனம்தான். புதிதாக உடைத்த முகத்தில் எண்ணெய் தடவியது போன்ற கருநீல மினுமினுப்பு தெரியும். வெளித்தோல் மட்டும் பழுப்பேறி, சற்று இளகி இருக்கும். அந்தத் தோல்தான் புதியவர்களை ஏமாற்றுகிறது. பிளேடு முதல் சில மில்லிமீட்டர்களுக்குச் சுலபமாக இறங்கும், பிறகு உட்கருவைத் தொட்டதும் சட்டென்று நின்றுவிடும். அந்த இடத்தில் கையால் அழுத்தம் கொடுக்கத் தோன்றும், கொடுக்கவே கூடாது. இந்தக் கல்லில் உள்ள குவார்ட்ஸ் என்னும் கனிமம், கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை தரப்படுத்தும் மோஸ் அளவில் 7, ஃபெல்ட்ஸ்பார் என்னும் கனிமம் 6. நீலகிரிப் பாறையில் பல இடங்களில் கார்னெட் மணிகளும் சிவப்புப் புள்ளிகளாகத் தெரியும். அவை குவார்ட்ஸையே எட்டிப் பிடிக்கும் கடினம் உடையவை. மார்பிளோ இதே அளவில் வெறும் 3. மார்பிள் கட்டர் என்று பெயர் பெற்ற கருவியைக்கொண்டு நாம் அறுக்க முற்படுவது அதைவிட மிகக் கடினமான பொருள் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால் பாதி அவசரம் குறைந்துவிடும்.

கல் அறுப்பதில் ஆபத்து எது என்று கேட்டால் எல்லோரும் பிளேடைக் காட்டுவார்கள். அது தவறில்லை. மார்பிள் கட்டருக்குப் பதிலாகச் சிலர் எடுக்கும் 4 அங்குல ஆங்கிள் கிரைண்டர் நிமிடத்துக்குச் சுமார் 11,000 சுற்றுச் சுற்றுகிறது. பிளேடின் விளிம்பு மணிக்கு 200 கிலோமீட்டருக்கு மேல் ஓடுகிறது. ஆனால் அந்த ஆபத்து கண்ணுக்குத் தெரிவதால் எல்லோரும் ஓரளவு பயந்து நடந்துகொள்கிறார்கள். எனக்கு அதைவிடப் பெரிய கவலை தூசி. குவார்ட்ஸ் என்பது படிகச் சிலிக்கா. அதன் நுண்துகள் நுரையீரலின் அடி வரை சென்று தங்கி, அங்கே வடுவை உண்டாக்குகிறது. சிலிக்கோசிஸ் என்னும் அந்த நோயைக் குணப்படுத்த மருந்து இல்லை. தூசியை விட்டு விலகிய பிறகும் நோய் முற்றிக்கொண்டே போகக்கூடும். காசநோய் பற்றுவதற்கும் அது வழி திறந்துவிடுகிறது. உலகச் சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை, தொழிலிடங்களில் சுவாசிக்கப்படும் படிகச் சிலிக்காவை 1997-லேயே மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் முதல் தொகுதிப் பொருள்களில் சேர்த்துவிட்டது.

எவ்வளவு தூசி என்பதை ஒருமுறை கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2 அடி நீளம், 2 சென்டிமீட்டர் ஆழம், பிளேடின் கனமான 2 மில்லிமீட்டர் அகலம் என ஒரு வெட்டு போட்டால், ஏறத்தாழ 24 கன சென்டிமீட்டர் கல் தூளாகிறது. எடையில் சுமார் 65 கிராம். அதில் கால் பங்கு குவார்ட்ஸ் என்று வைத்தால் 16 கிராம். அந்தத் தூளில் பெரும்பகுதி கனமானது, காலடியிலேயே விழுந்துவிடும். ஆயிரத்தில் ஒரு பங்கு மட்டும் சுவாசத்தில் ஆழமாகப் போகும் அளவுக்கு நுண்ணியது என்று குறைவாகவே எடுத்துக்கொள்வோம். அது 16 மில்லிகிராம். அமெரிக்காவின் தொழிலிடப் பாதுகாப்பு விதி 2016-ல் நிர்ணயித்த வரம்பு, 8 மணி நேரச் சராசரியாக ஒரு கன மீட்டர் காற்றில் 50 மைக்ரோகிராம். பத்துக்குப் பத்து அடி அறை, பத்தடி உயரம் என்றால் சுமார் 28 கன மீட்டர். அந்த அறை முழுவதற்கும் வரம்பு 1.4 மில்லிகிராம்தான். ஆகவே, ஒரே ஒரு வெட்டில் எழும் நுண்தூசி அந்தக் காற்றை வரம்புக்குப் பத்து மடங்குக்கு மேல் கொண்டுபோய்விடுகிறது. வெள்ளைப் புகை அடங்கிய பிறகு காற்று தெளிந்துவிட்டது போலத் தோன்றும். கண்ணுக்குத் தெரியாத அந்த நுண்துகள்களோ மூடிய அறையில் மணிக்கணக்கில் மிதந்துகொண்டிருக்கும்.

இங்கேதான் மலைவாழ்க்கை நமக்கு எதிராக வேலை செய்கிறது. சமவெளியில் வெயிலுக்கு அஞ்சி வெளியே மரத்தடியில் அறுப்பார்கள். நாமோ குளிருக்கும் சாரலுக்கும் அஞ்சி, விறகுக் கொட்டகைக்குள்ளோ கார் நிறுத்தும் இடத்துக்குள்ளோ கதவைச் சாத்திக்கொண்டு அறுக்கிறோம். தண்ணீர் கைபட்டால் விறைக்கும் என்று காய்ந்த கல்லை அறுக்கிறோம். கழுத்தில் மஃப்ளர், மேலே தளர்ந்த ஸ்வெட்டர், சில வீடுகளில் சால்வை. சுற்றும் பிளேடின் அருகே தொங்கும் கம்பளி நூலின் ஒரு இழை போதும், துணி முழுவதையும் கையோடு சேர்த்து இழுத்துவிடும். மூக்கையும் அதே மஃப்ளரால் சுற்றிக்கொள்கிறார்கள். அது குளிரைத் தடுக்குமே தவிர நுண்தூசியைத் தடுக்காது. இத்தனையும் குளிரால் வருகிற பழக்கங்கள் என்பதால், முதல் பாதுகாப்பு நாளைத் தேர்ந்தெடுப்பதுதான். தென்மேற்குப் பருவமழையின்போதும் ஐப்பசி, கார்த்திகை மழையின்போதும் கல்லைத் தொட வேண்டாம். தை முதல் பங்குனி வரை வானம் தெளிந்த நாள்களில், பனி விலகிய பிறகு, முன்பகல் பத்து மணியிலிருந்து மூன்று மணிக்குள் திறந்த வெளியில் செய்யலாம். உடலோடு ஒட்டிய முழுக்கைச் சட்டை, உள்ளே வேண்டுமானால் தெர்மல் பனியன், முன்பக்கம் கெட்டியான பூட்ஸ் இவை போதும். குளிர்ந்த கையில் அதிர்வு அதிகக் கேடு செய்யும் என்பதும் மெய். விரல் நுனி வெளுத்து மரத்துப்போனால் வேலையை நிறுத்திக் கையைச் சூடேற்ற வேண்டும், சமாளித்துக்கொண்டு தொடரக் கூடாது.

அடுத்தது தண்ணீர். தண்ணீரின்றிக் கருங்கல் அறுப்பதை வீட்டில் ஒருபோதும் செய்யாதீர்கள் என்றே சொல்வேன். வெட்டும் இடத்திலேயே தண்ணீர் விழுந்தால் தூசி பிறக்கும் இடத்திலேயே சேறாகிவிடுகிறது, பிளேடும் சூடேறாது. தண்ணீர்க் குழாய் பொருத்த வசதி உள்ள மார்பிள் கட்டர்கள் கிடைக்கின்றன. அவற்றையே வாங்க வேண்டும். ஆங்கிள் கிரைண்டர் தண்ணீருக்காகச் செய்யப்பட்டதன்று. அதன் மோட்டார் காற்றுத் துளைகள் வழியே ஈரம் உள்ளே போகும். இயந்திரத்துக்கு மேலே உயரமான இடத்தில் ஒரு வாளியை வைத்து, மெல்லிய குழாயும் சிறு வால்வும் பொருத்தி, பிளேடு கல்லைத் தொடும் இடத்தில் சீராக ஒழுகும்படி செய்தால் போதும். இடையிடையே குவளையால் ஊற்றுவது பயன் தராது. ஊற்றாத நொடிகளில் தூசி கிளம்பிவிடும்.

தண்ணீரும் மின்சாரமும் ஒன்று சேரும்போது சிக்கனம் பார்க்கக் கூடாது. 30 மில்லியாம்பியர் கசிவிலேயே மின்சாரத்தைத் துண்டிக்கும் ஆர்சிசிபி இல்லாத இணைப்பில் இந்த வேலையைத் தொடங்காதீர்கள். நம் பகுதியின் பழைய வீடுகள் பலவற்றில் அது இல்லை. எலக்ட்ரீஷியனை அழைத்துப் பொருத்துவது ஒரு நாள் வேலைதான். அதிலுள்ள சோதனைப் பொத்தானை ஒவ்வொரு முறையும் வேலைக்கு முன் அழுத்திப் பாருங்கள். எக்ஸ்டென்ஷன் பெட்டியை ஈரப்புல்லில் வைக்காமல் ஸ்டூலின் மேல் வைத்து, இயந்திரத்தின் கேபிள் பிளக்கை அடையுமுன் ஒரு முறை கீழே தொங்கி மேலேறும்படி விட்டால், கேபிள் வழியே வழியும் நீர் பிளக்குக்குள் இறங்காமல் அந்தத் தாழ்ந்த இடத்திலேயே சொட்டிவிடும். சுருட்டி வைத்த வயரை முழுவதும் விரித்துவிட்டுத்தான் பயன்படுத்த வேண்டும், இல்லையென்றால் சுருளுக்குள்ளேயே சூடேறும். மின்வெட்டு நம் ஊரில் சொல்லாமல் வரும். காற்றடித்து மரம் விழுந்தாலே போய்விடும். சுவிட்சை அழுத்தி லாக் செய்துவிட்டு அறுத்துக்கொண்டிருக்கும்போது மின்சாரம் போனால், இயந்திரத்தை அப்படியே கீழே வைத்துவிட்டுத் தேநீர் குடிக்கப் போகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். மின்சாரம் திரும்பியதும் அது தானாகவே சுற்றத் தொடங்கித் தரையில் ஓடும். கரண்ட் போன உடனே சுவிட்சை விடுவித்து, பிளக்கையும் பிடுங்கிவிட வேண்டும். லாக்கைப் பயன்படுத்தாமலே இருப்பது இன்னும் நல்லது.

பிளேடு பற்றி ஒரு நுட்பம். வைர பிளேடு கத்தியைப்போல வெட்டுவதில்லை; உலோகப் பிணைப்புக்குள் பதிந்த வைரத் துகள்கள் கல்லைத் தேய்த்துத் தூளாக்குகின்றன. மேலே உள்ள துகள் மழுங்கியதும் பிணைப்பு தேய்ந்து, அடுத்த துகள் வெளிவர வேண்டும். ஆகவே கடினமான கல்லுக்கு மென்மையான பிணைப்புள்ள பிளேடுதான் பொருத்தம். கான்கிரீட்டுக்கோ டைல்ஸுக்கோ ஆன பிளேடைச் சார்னோக்கைட்டில் வைத்தால், பிணைப்பு தேயாமல் விளிம்பு வழவழப்பாகி, வெட்டு நின்று சூடு மட்டும் ஏறும். அப்போது அழுத்தினால் விளிம்பில் நீலம் பாய்ந்து, துண்டுகள் பிய்ந்து பறக்கும் நிலை வரும். பிளேடு வழவழத்துப்போனால் ஒரு ஹாலோ பிளாக்கில் சில வெட்டுகள் போட்டால் புதிய வைரம் வெளிவரும். கடையில் கிரானைட் பிளேடு என்று கேட்டு, அதில் அச்சிட்ட அதிகபட்சச் சுற்று உங்கள் இயந்திரத்தின் சுற்றைவிடக் குறையாமல் இருக்கிறதா என்று பாருங்கள். மார்பிள் கட்டருக்குப் பொதுவாக 20 மில்லிமீட்டர் துளை, 4 அங்குல கிரைண்டருக்கு 16. துளை பொருந்தாத பிளேடை ஏதாவது வளையம் வைத்துப் பொருத்தவே கூடாது. மரம் அறுக்கும் பற்கள் உள்ள பிளேடைக் கிரைண்டரில் மாட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். அது கழுத்தை நோக்கிப் பாயக்கூடியது. பிளேடை மறைக்கும் காப்பு மூடியான கார்டைக் கழற்றிவிட்டு அறுப்பதற்கு எந்தக் காரணமும் போதுமான காரணமன்று.

கல்லை எப்படிக் கிடத்துகிறோம் என்பதில்தான் பிளேடு மாட்டிக்கொள்வதும் மாட்டாமல் இருப்பதும் தீர்மானமாகிறது. 3 அடி நீளம், 1 அடி அகலம், அரை அடி கனமுள்ள படிக்கல் நூறு கிலோவுக்கு மேல் எடை இருக்கும். இரண்டு முனைகளுக்கும் செங்கல் கொடுத்து நடுவில் அறுத்தால், ஆழம் போகப் போகக் கல் தன் எடையால் நடுவே தொய்ந்து, வெட்டின் வாயை மூடிப் பிளேடைக் கவ்வும். கவ்விய நொடியில் இயந்திரம் நம்மை நோக்கி எறியப்படும். மணலைப் பரப்பி, கல்லின் அடிப்பகுதி முழுவதும் மணலில் பதியும்படி கிடத்துங்கள்; சரிவில் வேலை செய்கிறோம் என்பதால் கீழ்ப்பக்கம் உருளாமல் கற்களால் அண்டை கொடுங்கள். பிளேடின் நேர்கோட்டில் நிற்காமல் சற்று விலகி நின்று, இரண்டு கையாலும் பிடித்து, பிளேடு முழு வேகத்துக்கு வந்த பிறகே கல்லைத் தொட வேண்டும். ஒரு ஓட்டத்துக்கு 3 முதல் 5 மில்லிமீட்டர் ஆழம் மட்டும். வளைவாக அறுக்க முயலக் கூடாது. வெட்டுக்குள் பிளேடைத் திருப்பவும் கூடாது.

இவ்வளவும் சொன்ன பிறகு, என் உறுதியான கருத்தைச் சொல்கிறேன்: வீட்டில் கல்லை முழுவதும் அறுக்காதீர்கள். கோடு மட்டும் போடுங்கள், பிறகு பிளந்துவிடுங்கள். 4 அங்குல பிளேடு அதிகபட்சம் 3 சென்டிமீட்டர் அளவுக்குத்தான் இறங்கும். அரை அடிக் கல்லை அதைக்கொண்டு துண்டாக்க முடியாது என்பதால் பலர் 7 அங்குலம், 9 அங்குல கிரைண்டரைத் தேடிப் போகிறார்கள். அந்தப் பெரிய இயந்திரத்தின் உதையைப் பழக்கமில்லாத கை தாங்காது. மாறாக, நான்கு பக்கமும் சுற்றி ஒரே கோட்டில் ஒன்றரை சென்டிமீட்டர் ஆழத்துக்கு ஈர வெட்டு போட்டுவிட்டு, மீதியை ஆப்புக்கு விட்டுவிடலாம். தூசியும் நேரமும் அபாயமும் ஒருசேரக் குறைகின்றன.

அந்தப் பிளக்கும் முறையை எனக்குக் காட்டியவர் எங்கள் தெருப் படிகளைக் கட்டிய வயதான கல் தச்சர். வெட்டுக் கோட்டின்மேல் ஏறத்தாழ அரையடிக்கு ஒன்றாக கல்லைத் துளையிடும் இயந்திரமான ரோட்டரி ஹேமரால் துளைகள் போட்டு, ஒவ்வொரு துளையிலும் இரண்டு இரும்புத் தகடுகளை எதிரெதிராக வைத்து நடுவே ஆப்பைச் செருகினார். முதல் துளையிலிருந்து கடைசித் துளை வரை ஒவ்வொன்றுக்கும் ஒரே ஒரு மெல்லிய அடி. பிறகு மறுபடி முதலிலிருந்து. ஒவ்வொரு சுற்றிலும் இரும்பின் ஓசை மேலேறிக்கொண்டே போனது. ஒரு கட்டத்தில் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துகொண்டார். "சத்தம் மாறுற வரைக்கும் அடுத்த அடி அடிக்காதீங்க தம்பி, கல்லு உள்ளுக்குள்ள வேலை செஞ்சுகிட்டு இருக்கு" என்றார். சிறிது நேரத்தில் தட்டிப் பார்த்தபோது கணீரென்ற ஓசை மங்கி, மொத்தென்று கேட்டது. துளைக்குத் துளை மயிரிழை போன்ற விரிசல் ஓடியிருந்தது. கடப்பாரையை மெல்ல நெம்பியதும் கல் நேராகப் பிரிந்தது. துளையிடும்போதும் தூசி வரும் என்பதால், காற்று முதுகுப்பக்கமிருந்து வீசும்படி நின்று, மாஸ்க் அணிந்தே செய்ய வேண்டும். உளி, ஆப்பு இவற்றின் தலை அடிபட்டு விரிந்து பிசிறு தட்டியிருந்தால், அந்தப் பிசிறுகளைத் தேய்த்து எடுத்துவிட வேண்டும். அடியில் தெறிக்கும் இரும்புச் சில்லு கண்ணைப் பறித்துவிடும்.

ஈர முறையில் செய்தாலும் மாஸ்க் வேண்டும். துணியோ அறுவை சிகிச்சை மாஸ்க்கோ உதவாது. என்95 அல்லது எஃப்எஃப்பி2 வகை, அதைவிட நல்லது வடிகட்டி மாற்றக்கூடிய ரப்பர் மாஸ்க். தாடி இருந்தால் எந்த மாஸ்க்கும் முகத்தோடு ஒட்டாது. ஓரங்களின் வழியே தூசி நுழையும். நம் குளிரில் மூச்சு பட்டுக் கண்ணாடி பனிபடர்வதால் பலர் மாஸ்க்கைக் கீழே இறக்கிவிடுகிறார்கள். மூக்கின் மேலுள்ள கம்பியை நன்றாக அழுத்தி, பனிபடராத பூச்சுள்ள கண்கவசம் வாங்கினால் அந்தத் தொல்லை பெருமளவு தீரும். அதன்மேல் முகத்தை மறைக்கும் ஷீல்டு. காதுக்கும் காப்பு வேண்டும். கல்லில் ஓடும் கட்டரின் சத்தம் 100 டெசிபெல் அளவுக்குப் போகும்.

கூலிக்கு ஆள் வைத்து அறுக்கச் சொல்கிறவர்களுக்கும் இவை அனைத்தும் பொருந்தும். இதில் எனக்கு வருத்தம் அதிகம். தேயிலை வேலை குறையும் மாதங்களில் இந்த வேலைக்கு வருகிறவர்களிடம் மாஸ்க்கை நீட்டினால், "துண்டே போதுங்க" என்று சொல்லித் தலையில் இருந்த துண்டை மூக்கில் கட்டிக்கொள்வார்கள். போதாது என்று நாம்தான் சொல்ல வேண்டும். வாங்கி வைத்திருக்கவும் வேண்டும். நமக்கு அது ஒரு வாரத்து வேலை, அவருக்கோ அடுத்த வீட்டிலும் அதற்கடுத்த வீட்டிலும் தொடர்கிற வேலை. 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டமே சிலிக்கோசிஸைக் கட்டாயம் தெரிவிக்கப்பட வேண்டிய நோய்களின் பட்டியலில் சேர்த்தது. ஆனால் வீடு வீடாகச் செல்லும் ஒரு தனி ஆளின் இருமலைத் தெரிவிக்க அங்கே தொழிற்சாலையும் இல்லை, மேலாளரும் இல்லை. தண்ணீர் வாளியும் நல்ல மாஸ்க்கும் அவருடைய கூலியோடு சேர்ந்த செலவு என்று வீட்டுக்காரர் கணக்கில் எழுதிக்கொள்ள வேண்டும்.

வேலை முடிந்ததும் மிஞ்சும் சேற்றை ஈரம் காயுமுன் அள்ளிச் சாக்கில் கட்டிவிடுங்கள். காய்ந்தால் அது மறுபடியும் அதே தூசிதான். துடைப்பம் போட்டாலும் புளோயர் வைத்தாலும் முழுவதும் காற்றில் ஏறிவிடும். ஓடையிலோ வடிகாலிலோ விடாமல், ஆள் நடமாட்டமில்லாத இடத்தில் குழி தோண்டிப் புதைத்துவிடலாம். தரையை ஈரத்துணியால் துடைக்க வேண்டும். வேலைத் துணியை வாசலிலேயே நனைத்துத் தனியாகத் துவைக்க வேண்டும். அந்தச் சட்டையோடு குழந்தையைத் தூக்கக் கூடாது. ஏற்கெனவே பல ஆண்டுகள் காய்ந்த கல்லை அறுத்து வந்தவர்கள், மூச்சிரைப்போ நீங்காத இருமலோ இருந்தால் மார்பு எக்ஸ்ரே எடுத்துக்கொள்வது அவசியம். அப்போது சளிப் பரிசோதனையோடு நின்றுவிடாமல், தாம் எத்தனை ஆண்டு கல் தூசியில் இருந்தோம் என்பதையும் மருத்துவரிடம் வாய்விட்டுச் சொல்ல வேண்டும்; சிலிக்கோசிஸைக் காசநோய் என்று எண்ணி மருந்து கொடுப்பது நம் நாட்டில் நடக்கிறது, தொழிலைச் சொன்னால்தான் மருத்துவருக்கு வேறு விதமாக யோசிக்க வழி கிடைக்கும்.